அட்டையில் ஒரு பெயர், ரசீதில் இன்னொரு பெயர்: தமிழ்ப் பதிப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தமிழ்ப் பதிப்பாளர்களுக்கும், புத்தக விற்பனையாளர்கள், பதிப்பாளர்கள் சங்கமான பபாசியின் பொறுப்பாளர்களுக்கும் வணக்கம்.

இந்த மடலை எழுதுகிறவர்கள் ஒரு புத்தகம் உருவாகிக் கைமாறும் வழியெங்கும் நிற்பவர்கள். மெய்ப்புப் பார்ப்பவர்கள், பக்கம் வடிவமைப்பவர்கள், அட்டை செய்பவர்கள், கடையில் பில் போடுபவர்கள், நூலகத்தில் பட்டியல் எடுப்பவர்கள். உங்களிடம் எங்களுக்கு இருப்பது ஒரே கோரிக்கைதான். நீங்கள் தொடங்கும் ஒவ்வொரு இம்ப்ரிண்டுக்கும், அதாவது பதிப்பகத்துக்குள் தொடங்கும் ஒவ்வொரு தனி வெளியீட்டுப் பெயருக்கும், வாசகருக்குப் புரிகிற காரணம் ஒன்று இருக்கட்டும். அந்த இம்ப்ரிண்ட் யாருடையது என்பது ஒவ்வொரு பிரதியிலும் அச்சாகட்டும்.

இதை இப்போது கேட்பதற்குக் காரணம் உண்டு. 1867ஆம் ஆண்டின் அச்சகம் மற்றும் புத்தகப் பதிவுச் சட்டம், அச்சிட்டவர் பெயரும் ஊரும், வெளியிட்டவர் பெயரும் ஊரும் புத்தகத்தில் இருக்க வேண்டும் என்று சொன்னது. ஒன்றரை நூற்றாண்டுக்கும் மேலாக நம் புத்தகங்களின் இரண்டாம் பக்கத்தில் அந்த வரிகள் இருந்ததற்கு அந்தச் சட்டமும் ஒரு காரணம். 2023இல் நிறைவேறி 2024 மார்ச் 1 முதல் நடைமுறைக்கு வந்த பருவ இதழ்கள் பதிவுச் சட்டம் அதை நீக்கிவிட்டது. புதிய சட்டத்தின் வரம்பில் புத்தகங்கள் இல்லை. பழைய சட்டம் தந்த அந்தக் கட்டாயம் போய்விட்ட நிலையில், யார் வெளியிட்டது என்ற வரியைக் காப்பாற்ற வேண்டியது தொழிலின் சொந்த ஒழுங்குதான்.

முதலில் சொல்லைத் தெளிவாக்கிக்கொள்வோம். வடிவமைப்பாளர்கள் ‘இம்ப்ரிண்ட் பேஜ்’ என்று சொல்வது தலைப்புப் பக்கத்துக்குப் பின்புறம் வரும் விவரப் பக்கத்தை. நாம் இங்கே பேசுவது வேறு இம்ப்ரிண்ட்: ஒரு பதிப்பு நிறுவனம் தன் புத்தகங்களில் ஒரு வகையை மட்டும் தனிப் பெயரிலும் தனி முத்திரையிலும் வெளியிடும் ஏற்பாடு. அது தனி நிறுவனம் அல்ல. அதற்கு வங்கிக் கணக்கு கிடையாது, ஜிஎஸ்டி எண் கிடையாது. நீதிமன்றத்தில் அதன்மேல் வழக்குப் போட முடியாது. இந்தப் பெயரில் வருவது இன்ன வகைப் புத்தகம் என்று வாசகரிடம் கொடுத்த வாக்குதான் அதன் ஒரே சொத்து.

அந்த வாக்கு எப்படிக் காப்பாற்றப்படுகிறது என்பதை பிரிட்டிஷ் பதிப்பகமான பென்குவின் குடும்பத்தில் பார்க்கலாம். 1935இல் 6 பென்ஸ் விலையில் முதல் பத்துப் புத்தகங்கள் வந்தன. நாவலுக்கு ஆரஞ்சு, துப்பறியும் கதைக்குப் பச்சை என்று நிறமே வகையைச் சொல்லிவிடும். அறிவு நூல்களைக் குறைந்த விலையில் தர நினைத்தபோது, பென்குவினிலேயே இன்னொரு நிறத்தைச் சேர்த்து நிறுத்திக்கொள்ளாமல் 1937இல் பெலிக்கன் என்று தனிப் பெயர் வைத்தார்கள். அதன் முதல் பதிப்பாசிரியர்களில் ஒருவர், பின்னாளில் இந்தியாவின் பாதுகாப்பு அமைச்சரான வி.கே. கிருஷ்ண மேனன். 1940இல் குழந்தைகளுக்குப் பஃபின் வந்தது. மூன்றும் பறவைகள், ஒரே கூடு. தாய் நிறுவனம் யார் என்று வாசகர் தேட வேண்டியதே இல்லை.

பஃபினை நிலைநிறுத்தியதில் பெயருக்கு இருந்த பங்கைவிட ஆளுக்கு இருந்த பங்கு பெரிது. 1961 முதல் 1979 வரை கே வெப் என்ற ஒரே பதிப்பாசிரியர் அந்தப் பட்டியலைப் பார்த்துக்கொண்டார். 1967இல் குழந்தைகளுக்கென்று பஃபின் கிளப் தொடங்கினார். எந்த நூல் உள்ளே வரலாம், எது வரக்கூடாது என்று பதினெட்டு ஆண்டுகள் ஒருவர் பார்வையில் தேர்வு நடந்தது. தமிழில் இம்ப்ரிண்ட் தொடங்குகிறவர்கள் லோகோவுக்குச் செலவிடும் நேரத்தில் பாதியையாவது இந்தப் பொறுப்பை யாரிடம் தருவது என்ற கேள்விக்குச் செலவிட வேண்டும். பொறுப்பாளர் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பது எங்களுக்குத் தெரியும். முதல் ஆண்டு கவனமாக ஐந்து புத்தகம் வரும். இரண்டாம் ஆண்டு, தாய்ப் பதிப்பகத்தில் எங்கே வைப்பது என்று தெரியாத கையெழுத்துப் பிரதியெல்லாம் அங்கே போகும். மூன்றாம் ஆண்டு அந்தப் பெயரைப் பார்த்து வாசகர் எதையும் ஊகிக்க முடியாது.

நம்மிடமே நல்ல முன்மாதிரிகள் இருக்கின்றன. 1920இல் தொடங்கிய திருநெல்வேலி சைவ சித்தாந்த நூற்பதிப்புக் கழகம் தன் நூல்களில் ‘கழக வெளியீடு’ என்று எழுதி வரிசை எண்ணும் கொடுத்தது. அது இம்ப்ரிண்ட் அல்ல. ஆனால் பெயரும் எண்ணும் சேர்ந்து ஒரு பட்டியலை வாசகர் மனத்தில் எப்படி நிறுத்தும் என்பதற்கு அதைவிட நல்ல சான்று தமிழில் குறைவு. நம் காலத்தில் 2004இல் தொடங்கிய நியூ ஹொரைசன் மீடியா, பொது நூல்களுக்குக் கிழக்கு, ஆன்மிகத்துக்கு வரம், உடல்நலத்துக்கு நலம், இளையோருக்கு ப்ராடிஜி என்று பிரித்தது. பாரதி புத்தகாலயம் சிறார் நூல்களுக்கு ‘புக்ஸ் ஃபார் சில்ரன்’ என்ற பெயரை வைத்திருக்கிறது. ஸீரோ டிகிரி பப்ளிஷிங் தமிழ் நூல்களை எழுத்து பிரசுரம் என்ற பெயரில் வெளியிடுகிறது. இவை நான்கு வேறு நோக்கங்கள்: எண்ணால் அடையாளம், பொருளால் பிரிவு, வயதால் பிரிவு, மொழியால் பிரிவு. புதிதாகத் தொடங்குகிறவர்கள் தங்கள் நோக்கம் இவற்றில் எது, அல்லது இவற்றுக்கு வெளியே எது என்று ஒரே வாக்கியத்தில் எழுதிப் பார்க்க வேண்டும். எழுத முடியவில்லையென்றால் இம்ப்ரிண்ட் வேண்டாம்.

பெரும்பாலான இடங்களில் ஒரு வரிசை நூல் போதும். ஒரு பொருளில் மொத்தமே பத்துப் பன்னிரண்டு புத்தகம் போடப்போகிறீர்கள் என்றால் அதற்குப் பொதுத் தலைப்பும் ஒரே மாதிரி அட்டையும் வரிசை எண்ணும் போதும். ஆண்டுக்கு ஆறு புதிய தலைப்பாவது, குறைந்தது மூன்றாண்டு தொடர்ந்து வரும் என்ற உறுதி இருந்தால் மட்டும் தனிப் பெயருக்குப் போகலாம் என்பது எங்கள் கணிப்பு. இந்த எண்ணுக்குக் காரணம் கடை. நம் ஊர்க் கடைகளும் புத்தகக் காட்சி அரங்குகளும் பெரும்பாலும் பதிப்பகவாரியாகத்தான் அடுக்குகின்றன. நான்கு புத்தகம் மட்டுமே உள்ள பெயருக்கு யாரும் தட்டு ஒதுக்க மாட்டார்கள். தாய்ப் பதிப்பகத்தின் தட்டிலும் சேராமல், தனித் தட்டும் கிடைக்காமல், அந்த நான்கும் ‘இதர’ என்ற மூலைக்குப் போய்விடும்.

இனி அச்சுக்கு வருவோம். அதிகப் பிழை நடக்கும் இடம் புத்தகத்தின் முதுகு. 80 ஜிஎஸ்எம் (சதுர மீட்டருக்கு 80 கிராம்) மேப்லித்தோ தாளின் தடிமன் ஏறக்குறைய 0.1 மில்லிமீட்டர். 320 பக்கம் என்றால் 160 தாள், முதுகு 16 மில்லிமீட்டர். லோகோவை அழகாக வைக்கலாம். 80 பக்கச் சிறுநூலில் 40 தாள்தான், முதுகு 4 மில்லிமீட்டர். முதுகில் பசை போட்டு ஒட்டும் பர்ஃபெக்ட் பைண்டிங்கில் அட்டை ஒரு மில்லிமீட்டர் இப்படியோ அப்படியோ நகர்வது சாதாரணம். இரண்டு பக்கமும் அந்த இடத்தை விட்டால் லோகோவுக்கு மிஞ்சுவது 2 மில்லிமீட்டர். ஆகவே லோகோ வரைந்து வந்தவுடன் அதைக் கணினித் திரையில் பெரிதாகப் பார்த்து ஒப்புதல் தராதீர்கள். 3 மில்லிமீட்டர் அகலத்தில், ஒற்றைக் கறுப்பில், வெள்ளைத் தாளில் ஒன்றும் கறுப்புப் பின்னணியில் வெள்ளையாக ஒன்றும் அச்சிட்டு, கை நீட்டும் தூரத்தில் பிடித்துப் பாருங்கள். உருவம் புரியவில்லையென்றால் திருப்பி அனுப்புங்கள். ஏடும் எழுதுகோலும் விளக்கும் மரமும் ஒன்றாகப் பின்னிய லோகோக்கள் எல்லாமே இந்தச் சோதனையில் புள்ளியாகிவிடும். சிறுநூல் போடுகிற இம்ப்ரிண்டுக்கு ஓர் எழுத்தோ ஒற்றை உருவமோதான் சரி. முதுகு 3 மில்லிமீட்டருக்கும் கீழே போனால் அங்கே எதையும் அச்சிடாமல் முன்னட்டையிலும் பின்னட்டையிலும் மட்டும் முத்திரையை வைப்பதே மேல்.

லோகோ எங்கே உட்காரும் என்பதையும் ஒருமுறை முடிவுசெய்து எழுதி வையுங்கள். முதுகின் அடியிலிருந்து 12 மில்லிமீட்டர் மேலே என்றால் எல்லாப் புத்தகத்திலும் அதே 12. வெட்டும்போது ஒன்றிரண்டு மில்லிமீட்டர் போனாலும் அடுக்கில் வரிசை கலையாது. டெம்மி அளவுக்கு ஒரு தூரம், கிரௌன் அளவுக்கு ஒரு தூரம் என்று வைத்தால் கலந்து அடுக்கும்போது கோடு உடைந்துவிடும். எழுத்து மேலிருந்து கீழே ஓடுமா, கீழிருந்து மேலே ஓடுமா என்பதில் தமிழ்ப் புத்தகங்கள் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை. குறைந்தது ஓர் இம்ப்ரிண்டுக்குள்ளாவது ஒரே திசை இருக்கட்டும். நிறத்துக்கும் இதே கதைதான். ‘நம் மஞ்சள்’ என்று வாயால் சொன்னால் மூன்று அச்சகத்தில் மூன்று மஞ்சள் வரும். சியான், மஜந்தா, மஞ்சள், கறுப்பு நான்கின் சதவீதத்தையும் எழுதிக் கொடுங்கள். பளபளப்பில்லாத மேட் லேமினேஷன் போட்டால் நிறம் சற்று மங்கும். ஆகவே லேமினேஷன் வகையையும் அதே தாளில் குறிப்பிடுங்கள். இவையெல்லாம் சேர்த்து இரண்டு பக்கத்துக்கு மேல் வராது. 1947 முதல் 1949 வரை பென்குவினில் இருந்த வடிவமைப்பாளர் யான் சிஷோல்ட் எழுத்துக் கோப்புக்கான விதிகளை வெறும் நான்கு பக்கத்தில் எழுதி, பென்குவின் பறவையையும் திருத்தி வரைந்தார். அவர் போன பிறகும் புத்தகங்கள் ஒரே குடும்பமாகத் தெரிந்ததற்கு அந்த நான்கு பக்கம் துணைநின்றது.

இரண்டாம் பக்கம் என்று நாம் சொல்லும் விவரப் பக்கம்தான் இந்த மடலின் மையம். அங்கே மூன்று அடுக்கும் தெரிய வேண்டும்: இம்ப்ரிண்ட், பதிப்பகம், சட்டப்படியான நிறுவனம். இதற்கு நல்ல எடுத்துக்காட்டு வெஸ்ட்லேண்ட். அமேசானின் கையில் இருந்த வெஸ்ட்லேண்ட், 2022 பிப்ரவரியில் மூடப்படுவதாக அறிவிக்கப்பட்டது. அதே ஆண்டில் அந்தக் குழு, இணையக் கதைத் தளமான பிரதிலிபியோடு சேர்ந்து மீண்டும் வந்தது. கான்டெக்ஸ்ட், இந்திய மொழிகளுக்கான ஏகா ஆகிய இம்ப்ரிண்ட் பெயர்கள் தொடர்ந்தன. தரங்கம்பாடியின் பழைய ஐரோப்பியப் பெயரைத் தாங்கிய ட்ராங்கபாரும் அந்தக் குடும்பத்துப் பெயர்தான். இப்போது அந்தப் புத்தகங்களின் விவரப் பக்கத்தில், இன்ன இம்ப்ரிண்ட், அது வெஸ்ட்லேண்ட் புக்ஸினுடையது, வெஸ்ட்லேண்ட் புக்ஸ், பிரதிலிபியை நடத்தும் நசாதியா டெக்னாலஜிஸ் பிரைவேட் லிமிடெட்டின் பிரிவு என்று வரிசையாக இருக்கும். உரிமையாளர் மாறிய பிறகும் யாரிடம் கேட்க வேண்டும் என்று ஓர் எழுத்தாளரோ மொழிபெயர்ப்பு உரிமை தேடுகிறவரோ அந்த ஒரு வரியிலிருந்து தெரிந்துகொள்ளலாம்.

தமிழில் அந்த வரி இப்படி இருக்கலாம். உங்கள் இம்ப்ரிண்ட் பெயர் ‘துளிர்’ என்றும் பதிப்பகம் ‘கரிசல்’ என்றும் வைத்துக்கொள்வோம். இரண்டும் நாங்கள் விளக்கத்துக்காக எடுத்த பெயர்கள். ‘துளிர் வெளியீடு. துளிர், கரிசல் பதிப்பகத்தின் சிறார் நூல் இம்ப்ரிண்ட்’ என்பது முதல் வரி. அடுத்த வரியில் உரிமையாளரின் அல்லது நிறுவனத்தின் முழுப் பெயர், அஞ்சல் முகவரி, மின்னஞ்சல். அதன் கீழே முதல் பதிப்பு எந்த மாதம், எந்த ஆண்டு, யார் வெளியிட்டது. இந்தக் கடைசித் துண்டை விட்டுவிடுவதுதான் நாங்கள் அதிகம் பார்க்கும் பிழை. 1998இல் கரிசலில் வந்த சிறார் நாவல் 2024இல் துளிரில் மறுபடி வரும்போது ‘முதல் பதிப்பு: 2024’ என்று போட்டுவிடுகிறார்கள். அந்த எழுத்தாளரின் படைப்பு வரிசையையே அது குழப்பிவிடும். ‘முதல் பதிப்பு: 1998, கரிசல். துளிரில் முதல் பதிப்பு: 2024’ என்று எழுதுவதற்குக் கூடுதலாக ஒரு வரி இடம்தான் ஆகும்.

தலைப்புப் பக்கத்தில் இம்ப்ரிண்ட் பெயர் மட்டும் போதும். அதற்கு முன்னால் நூல் பெயர் மட்டும் வரும் ஹாஃப் டைட்டில் பக்கத்தில் எதுவும் வேண்டாம். பின்னட்டையில் பார்கோடுக்கு மேலே இம்ப்ரிண்ட் லோகோ, பக்கத்தில் சிறிய எழுத்தில் தாய்ப் பதிப்பகத்தின் பெயர். இரண்டு லோகோவை ஒரே அளவில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் இரண்டு நிறுவனங்கள் சேர்ந்து போட்ட புத்தகம் என்றே வாசகர் நினைப்பார்.

புத்தகத்துக்கான சர்வதேச அடையாள எண்ணான ஐஎஸ்பிஎன்னில் குழப்பம் இன்னும் அதிகம். எண்ணின் 13 இலக்கத்தில் முதல் மூன்று 978. இந்தியாவுக்கு 81 அல்லது 93. கடைசி இலக்கம் சரிபார்ப்பு எண். நடுவில் மிஞ்சுவது ஏழு இலக்கம். அந்த ஏழைத்தான் பதிப்பாளர் எண்ணும் தலைப்பு எண்ணும் பங்கிட்டுக்கொள்கின்றன. பதிப்பாளர் எண் நான்கு இலக்கமானால் தலைப்புக்கு மூன்று, ஆக ஆயிரம் புத்தகம். ஐந்தானால் நூறு. ஆறானால் பத்தே பத்து. பத்து எண் உள்ள சிறு பதிப்பகம் மூன்று இம்ப்ரிண்ட் தொடங்கி ‘இதற்கு மூன்று, அதற்கு மூன்று’ என்று எண்களை முன்கூட்டியே பிரித்து வைப்பதைப் பார்க்கிறோம். தேவையில்லை. ஒரே பதிப்பாளர் எண்ணுக்குள் பல இம்ப்ரிண்டுகள் இருக்கலாம். எண்ணை வரிசையாகக் கொடுத்துக்கொண்டே போங்கள். எந்த எண் எந்தத் தலைப்புக்கு, எந்த இம்ப்ரிண்டில், எந்த வடிவத்தில், எந்தத் தேதியில் போனது என்று ஒரு பதிவேட்டில் எழுதுங்கள். பதிவேடு ஒருவர் கையில் மட்டும் இருக்க வேண்டும். இரண்டு பேர் எண் கொடுக்கும் இடத்தில் ஒரே எண் இரண்டு புத்தகத்துக்குப் போய்விடும். கடையில் ஸ்கேன் செய்தால் சிறுகதைத் தொகுப்புக்குச் சமையல் புத்தகத்தின் விலை விழும்.

ஒரு புத்தகம் ஓர் இம்ப்ரிண்டிலிருந்து இன்னொன்றுக்கு மாறி வெளிவந்தால், நிறுவனம் அதுவே ஆனாலும் புதிய எண் தர வேண்டும். கெட்டி அட்டை, சாதா அட்டை, மின்னூல் ஒவ்வொன்றுக்கும் தனி எண். மாற்றமில்லாத மறு அச்சுக்கும் விலை மாற்றத்துக்கும் அட்டைப் படம் மாறுவதற்கும் புதிய எண் கூடாது. நடைமுறையில் நாங்கள் பார்ப்பது இதற்கு நேர் எதிர்: அட்டை மாறினால் புதிய எண் வாங்குகிறார்கள், இம்ப்ரிண்ட் மாறினால் பழைய எண்ணையே விட்டுவிடுகிறார்கள். பழைய கோப்பை நகலெடுத்துப் புதிய புத்தகம் செய்யும் பழக்கத்தால் உள்ளே ஓர் எண்ணும் பின்னட்டையில் இன்னோர் எண்ணும் வருவதும் உண்டு. அச்சுக்குப் போகும் முன் இரண்டையும் ஒருவர் வாய்விட்டுப் படிக்க மற்றவர் பார்ப்பது ஒரு நிமிட வேலை. இந்தியாவில் இந்த எண்ணை ராஜா ராம்மோகன் ராய் தேசிய முகமை கட்டணமில்லாமல் இணையவழி தருகிறது. ஆகவே வேறொரு பதிப்பாளரின் எண்ணைக் கடன் வாங்க எந்தக் காரணமும் இல்லை. கடன் வாங்கினால் உலகப் பட்டியல்களில் உங்கள் புத்தகத்துக்கு வெளியீட்டாளர் அவர்தான்.

இணையக் கடைகளில் பதிப்பகம், இம்ப்ரிண்ட் இரண்டுக்கும் தனித்தனி இடம் இருந்தால் இரண்டையும் நிரப்புங்கள். ஒரே இடம்தான் என்றால் இம்ப்ரிண்ட் பெயரை எழுதி, காற்புள்ளி போட்டு, தாய்ப் பதிப்பகத்தையும் எழுதுங்கள். ஆங்கில எழுத்தில் பெயரை எழுதும் முறையையும் ஒருமுறை முடிவுசெய்து மாற்றாமல் வைத்துக்கொள்ளுங்கள். ‘பதிப்பகம்’ என்ற சொல்லையே pathippagam என்று ஒருவர், padhippagam என்று ஒருவர், pathipagam என்று ஒருவர் எழுதுகிறோம். தேடுபொறிக்கு இவை மூன்றும் மூன்று பதிப்பகங்கள். கடைக்கு அனுப்பும் ரசீதில் நிறுவனப் பெயர்தான் இருக்கும், அது சரிதான். ஆனால் தலைப்புக்கு முன்னால் இம்ப்ரிண்டுக்கான இரண்டெழுத்துக் குறியீட்டைச் சேர்த்துவிடுங்கள். விற்காத பிரதிகள் திரும்பும்போது ‘இந்தப் பெயரில் நமக்குக் கணக்கே இல்லையே’ என்று கடைக்காரர் மூட்டையை ஓரமாக வைத்துவிடுவது அதனால் குறையும்.

ஒப்பந்தம் பற்றிச் சுருக்கமாக. இம்ப்ரிண்ட் சட்டப்படி ஆள் அல்ல. எழுத்தாளரோடு ஒப்பந்தம் போடுவது உரிமையாளரோ கம்பெனியோதான். ‘துளிர் வெளியீட்டுக்கும் எழுத்தாளருக்கும் இடையே’ என்று எழுதிய தாள், துளிர் நின்றுபோன மறுநாள் எழுத்தாளரைத் தெருவில் நிறுத்திவிடும். எந்த இம்ப்ரிண்டில் புத்தகம் வரும் என்பதை உள்ளே ஒரு பிரிவாக எழுதுங்கள். மாற்றுவதானால் எழுத்துமூலம் தெரிவிக்க வேண்டும் என்றும் எழுதுங்கள். காலவரையறையையும் விடாதீர்கள். 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 19ஆம் பிரிவுப்படி, உரிமை மாற்றத்தில் காலம் குறிப்பிடாவிட்டால் அது ஐந்தாண்டு என்றே கொள்ளப்படும். எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும். பல தமிழ் ஒப்பந்தங்களில் இந்த இரண்டுமே இருப்பதில்லை.

பெயரைப் பாதுகாக்க நினைப்பவர்கள் அச்சுப் பொருள்களுக்கான 16ஆம் வகுப்பில் வணிகச் சின்னப் பதிவுக்கு விண்ணப்பிக்கலாம். மின்னூலும் உண்டென்றால் 9ஆம் வகுப்பு, வெளியீட்டுச் சேவைக்கு 41. பதிவு பத்தாண்டுக்குச் செல்லும், புதுப்பிக்கலாம். ‘நல்ல நூல்’, ‘புத்தக உலகம்’ போன்று பொருளை அப்படியே சொல்லும் பெயர்களுக்குப் பாதுகாப்பு கிடைப்பது கடினம். அட்டை அச்சான பிறகு தேடுவதைவிடப் பெயர் வைக்கும் முன்பே வணிகச் சின்னப் பதிவேட்டில் தேடிப் பார்ப்பது செலவில்லாத வேலை.

இனிச் சொல்லப்போவது சிலருக்குக் கசக்கலாம். ஆனாலும் மனதார நம்பித்தான் சொல்கிறோம். நம் தொழிலில் தனிப் பெயர் வைப்பதன் காரணம் எப்போதும் வாசகர் அல்ல. ஒரு பதிப்பகத்துக்கு இத்தனை தலைப்பு என்ற வரம்பு எங்கே வந்தாலும், ஒரே முகவரியில் நான்கு பெயர்கள் முளைக்கின்றன. அரசு நூலகங்களின் கொள்முதல் ஆணைக்கு அனுப்ப ஒரு பெயர், அரங்கு வாங்க ஒரு பெயர், எழுத்தாளரிடம் பணம் வாங்கிப் போடும் புத்தகத்துக்கு ஒரு பெயர். இவற்றை இம்ப்ரிண்ட் என்று சொல்வது தவறு. இம்ப்ரிண்ட் வாசகருக்கு ஒன்றைக் காட்டுவதற்காக வைக்கும் பெயர். இவை ஒன்றை மறைப்பதற்காக வைக்கும் பெயர்கள். நூலகத் தேர்வில் ஒரே பதிப்பாளர் நான்கு பெயரில் நுழையும்போது ஒரே பெயரோடு நேர்மையாக நிற்கும் சிறு பதிப்பாளர் வெளியே தள்ளப்படுகிறார். அந்த இழப்பு எந்தக் கணக்கிலும் ஏறுவதில்லை.

பெயர்கள் பலவாகவும் உடைமை ஒன்றாகவும் இருப்பது என்ன செய்யும் என்பது அமெரிக்காவில் நீதிமன்றம் வரை போன விஷயம். பென்குவின் ரேண்டம் ஹவுஸ், சைமன் அண்ட் ஷூஸ்டரை 217.5 கோடி டாலருக்கு வாங்க முனைந்தது. வாங்கிய பிறகும் இரண்டு பக்கத்து இம்ப்ரிண்டுகளும் எழுத்தாளர்களின் நூல்களுக்குத் தனித்தனியே ஏலம் கேட்கும் என்று வாக்களித்தது. அந்த வாக்கு போட்டியைக் காப்பாற்றப் போதாது என்று கருதிய நீதிமன்றம், 2022 அக்டோபர் 31 அன்று அந்த இணைப்பைத் தடுத்தது. அங்கே நூற்றுக்கணக்கான இம்ப்ரிண்டுகள் இருக்கின்றன. ஆனால் எது யாருடையது என்பது எல்லாருக்கும் தெரியும். அதனால்தான் அந்த வழக்கே சாத்தியமானது.

எழுத்தாளர் பணம் செலுத்தும் வெளியீட்டை நாங்கள் குறை சொல்லவில்லை. அதற்கு இடம் உண்டு. 2013இல் பென்குவின் இந்தியாவில் பார்ட்ரிட்ஜ் என்ற பெயரைத் தொடங்கியபோது, அது எழுத்தாளர் செலவில் நூல் வெளியிடும் சேவை என்று சொல்லியே தொடங்கினார்கள். தேர்ந்தெடுத்து வெளியிடும் பட்டியலிலிருந்து அதைத் தனிப் பெயர் பிரித்துக் காட்டியது. உங்களிடமும் அப்படி ஒரு பிரிவு இருந்தால், அதை அதன் பெயர் சொல்லி நடத்துங்கள். இரண்டாம் பக்கத்தில் ‘ஆசிரியர் செலவில் வெளியிடப்பட்டது’ என்று ஒரு வரி போடுங்கள்.

இம்ப்ரிண்டை மூடும்போதும் ஒழுங்கு வேண்டும். பெரும்பாலும் யாரும் மூடுவதில்லை, அது சும்மா நின்றுவிடுகிறது. ஐந்தாண்டு புதிய நூல் வராத பெயரைத் தேடி வாசகரும் மொழிபெயர்ப்பாளரும் அலைகிறார்கள். மூட முடிவெடுத்தால் முதலில் எழுத்தாளர்களுக்கு எழுதுங்கள். எந்தப் புத்தகம் தாய்ப் பதிப்பகத்துக்கு வரும், எதன் உரிமை திரும்பப் போகும் என்று தலைப்புவாரியாகச் சொல்லுங்கள். இருப்பில் உள்ள பிரதிகளைப் பழைய பெயரிலேயே விற்று முடியுங்கள். ஸ்டிக்கர் ஒட்டிப் பெயர் மாற்றாதீர்கள். எண் பழையது, பெயர் புதியது என்றாகிவிடும். மறு அச்சில்தான் புதிய பெயரும் புதிய எண்ணும். கடைசிப் பட்டியலை ஒரு பிடிஎஃப் ஆக உங்கள் தளத்தில் விட்டு வையுங்கள். 1954ஆம் ஆண்டுச் சட்டப்படி, வெளியான 30 நாளுக்குள் கொல்கத்தா தேசிய நூலகத்துக்கும் சென்னை கன்னிமாராவுக்கும் மற்ற இரண்டு நூலகங்களுக்கும் அனுப்ப வேண்டிய பிரதிகள் போய்ச் சேர்ந்தனவா என்று அந்தப் பட்டியலோடு ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள். பெயர் மறைந்தாலும் புத்தகம் அங்கே கிடைக்கும்.

பபாசியின் பொறுப்பாளர்களிடம் தனியாக மூன்று வேண்டுகோள். 1977 முதல் சென்னையில் புத்தகக் காட்சி நடத்திவரும் அமைப்பு நீங்கள். இதைச் செய்யும் வலு உங்களுக்குத்தான் இருக்கிறது. உறுப்பினர் விண்ணப்பத்திலும் அரங்கு விண்ணப்பத்திலும் ‘உங்கள் இம்ப்ரிண்டுகள்’ என்று ஒரு கட்டம் சேருங்கள். அதில் வரும் பெயர்களை அகரவரிசைப்படுத்தி, எது எந்தப் பதிப்பகத்தினுடையது, எந்த அரங்கில் கிடைக்கும் என்று காட்சி வழிகாட்டியின் கடைசி இரண்டு பக்கத்தில் அச்சிடுங்கள். அதே பட்டியலை நூலகத் துறைக்கும் ஆண்டுக்கொரு முறை அனுப்பி வையுங்கள்.

முதல் பட்டியலைத் தொகுக்கவும், விவரப் பக்கத்துக்கான மாதிரிக் கோப்பை யாரும் பயன்படுத்தும்படி செய்து தரவும் எங்களில் பலர் கூலி வாங்காமல் முன்வருகிறோம். அடுத்த காட்சிக்கான விண்ணப்பப் படிவம் அச்சுக்குப் போகும் முன் அழைத்தால் போதும்.

அன்புடன்,
நூலாக்கத்திலும் விற்பனையிலும் நூலகங்களிலும் பணிபுரியும் சிலர்